மையவாடிக் கள்ளியும் என் தப்பான குறிப்பும்

ஆய்வுக்கூடத்தில் புதிதாகச் சேர்ந்திருக்கும் நீங்கள், என் அனுபவத்திலிருந்து ஏதாவது எழுதித் தரும்படி கேட்டிருந்தீர்கள். ஒட்டுண்ணிக் குளவியின் முட்டைகள் ஒட்டிய காகித அட்டையை எப்படி நறுக்குவது, பொறிவண்டை எந்தச் சூட்டில் வளர்ப்பது என்பதெல்லாம் கையேட்டில் இருக்கிறது. அந்த வேலையை என்னைவிட நீங்கள் நன்றாகவே செய்வீர்கள். என்னிடம் மிச்சமிருப்பவை நாட்குறிப்புகள்தான். வேலையில் சேர்ந்த நாளிலிருந்து ஒரு நாள் விடாமல் எழுதியவை. எல்லாம் சரியாக நடந்த வருடங்களைப் புரட்டிப் பார்த்தேன்; எனக்கே தூக்கம் வந்தது. ஆகவே நான் முட்டாளான வருடத்தை எடுத்துக்கொண்டேன்.

ஓய்வு பெற இன்னும் இரண்டு வருடம் இருந்தது. மாசி மாதம், திங்கட்கிழமை, காலை பத்தேகால். செய்தித்தாளில் சுற்றிய ஒரு பொட்டலத்துடன் ஒருவர், நன்மை செய்யும் பூச்சிகளை வளர்க்கும் நம் தஞ்சாவூர் ஆய்வுக்கூடத்துக்குள் வந்தார். பூம்புகாருக்குத் தெற்கே கடலோரத்தில் ஓர் ஊர். அங்கே ஜவுளிக்கடை வைத்திருக்கும் ரஹீம் பாய். அந்த ஊர்ப் பள்ளிவாசலின் முத்தவல்லியும், அதாவது நிர்வாகியும், அவர்தான். மேசைமேல் பொட்டலத்தைப் பிரித்தார். உள்ளே முள்ளோடு ஒரு சப்பாத்திக்கள்ளி மடல்.

"சார், இதைத் திங்குற பூச்சி உங்ககிட்ட இருக்காமே?"

"யார் சொன்னாங்க பாய்?"

"யூடியூப்ல ஆஸ்திரேலியாக்காரன் சொல்றான் சார். அவ்வளவு தூரம் போக முடியுமா? அதான் மூணு பஸ் மாறி உங்ககிட்ட வந்தேன்."

அவர் சொன்ன கதை இது. ஊரின் மையவாடியில், இறந்தவர்களை அடக்கம் செய்யும் இடத்தில், மேற்குப் பாதி முழுக்கக் கள்ளி. மணல் தரை, ஆள் உயரப் புதர், உள்ளே ஒரு கோழிகூட நுழைய முடியாது. தீ வைக்க முடியாது, உள்ளே கபர்கள், புதைகுழிகள், இருக்கின்றன. மருந்தடிக்க முடியாது, பள்ளிவாசல் கிணறு பக்கத்திலேயே இருக்கிறது. ஜேசிபி கொண்டுவந்து வாரித் தள்ளிவிடலாம் என்பது ஜமாஅத் செயலாளரின் கட்சி. அவர் கட்டட ஒப்பந்தக்காரர். எந்தச் சிக்கலுக்கும் ஜேசிபியில்தான் தொடங்குவார். எது கபர், எது வெறும் மணல் என்று ஜேசிபிக்குத் தெரியாது என்பது ரஹீம் பாயின் கட்சி. அந்தக் கட்சியில் அவர் ஒருவர்தான் இருந்தார்.

"எங்க அத்தா அதுக்குள்ளதான் சார் இருக்காரு" என்றார், தன் தகப்பனாரைச் சொல்லி. "அவரு மவுத்தானப்ப நான் துபாய்ல இருந்தேன். வர முடியலை. 'வேப்பமரத்துக்கு நேரா, நாலாவது கபர்'னு மச்சான் போன்ல சொன்னாரு. ஊரோட திரும்பி வந்து பாத்தா, வேப்பமரம் தெரியுது, கபர் தெரியலை. வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை கள்ளிக்கு இந்தப் பக்கம் நின்னு ஓதிட்டு வர்றேன். ஒரு தடவை பக்கத்துல உக்காந்து ஓதணும், அவ்வளவுதான்."

செயலாளர் ஒரு கெடு வைத்திருந்தார். ஆடி மாதக் கடைசி வெள்ளிக்குள் கள்ளி சாகிற அடையாளம் தெரிய வேண்டும். தெரியாவிட்டால் சனிக்கிழமை ஜேசிபி.

எனக்குச் சப்பாத்திக்கள்ளி மேல் பழைய ஈடுபாடு உண்டு. கடல் தாண்டி வந்த செடி. வெள்ளைக்காரர் காலத்தில், சிவப்புச் சாயம் எடுக்கலாம் என்று கொண்டுவந்த பூச்சி, சாயத்துக்குச் சரிப்பட்டு வராமல், கள்ளியைத் தின்று தீர்த்த கதையைப் பழைய புத்தகங்களில் தேடித் தேடிப் படித்திருக்கிறேன். கொச்சினீல் என்பார்கள், நாங்கள் கள்ளிப்பூச்சி என்றோம். மடலின்மேல் பஞ்சுத் துணுக்கு ஒட்டியது போல இருக்கும். பஞ்சுக்குள் பூச்சி ஒரே இடத்தில் உட்கார்ந்து சாற்றை உறிஞ்சும். நசுக்கினால் ரத்தச் சிவப்பு.

கள்ளியில் பல வகை உண்டு, பூச்சிக்கும் வாய்ருசி உண்டு. அதனால் அதே வகைக் கள்ளியில் வாழும் பூச்சியையே தேடினேன். புதுக்கோட்டைப் பக்கம் செம்மண் பூமியில் கிடைத்தது. மேலதிகாரியிடம் அனுமதி வாங்கி, மாசி கடைசி வாரத்தில் பூச்சி பிடித்த மடல்களைக் கொண்டுபோய் மையவாடிக் கள்ளியின்மேல் அங்கங்கே செருகி வைத்தோம். அதற்கு முன் பள்ளிவாசல் வராந்தாவில் ஜமாஅத்தார் எல்லோரையும் உட்கார வைத்து அரைமணி நேரம் பேசினேன். இது கள்ளியைத் தவிர வேறெதையும் தொடாது, பயப்பட வேண்டாம், மருந்தடிக்க வேண்டாம் என்றேன். எல்லோரும் தலையாட்டினார்கள். எனக்குத் திருப்தி. எல்லோருக்கும் சொல்லியாயிற்று என்று அன்றைய குறிப்பில் எழுதினேன்.

அது முதல் தப்பு. அது தப்பு என்று தெரிய ஐந்து மாதம் ஆயிற்று.

சித்திரையில் மடல்களில் வெள்ளை படர்ந்தது. அப்போது நடந்த ஒரு கலவரத்தைச் சொல்லியே ஆக வேண்டும். பள்ளிவாசல் மோதினார், பாங்கு சொல்பவர், துவைத்த வெள்ளை ஜிப்பாவில் மையவாடிப் பக்கம் போனவர், பஞ்சு போல ஏதோ ஒட்டியிருக்கிறதே என்று தோள்பட்டையில் தட்டிவிட்டிருக்கிறார். தட்டிய இடமெல்லாம் ரத்தம். உள்ளங்கையும் ரத்தம். மனிதர் ஓடி வந்து கடைத்தெருவில் நிற்க, 'கபர்ஸ்தானில் கள்ளி ரத்தம் கக்குகிறது' என்ற செய்தி அவருக்கு முன்னால் சந்தைக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. நான் அடுத்த பஸ்ஸில் போனேன். என் வெள்ளைக் கைக்குட்டையில் நாலு பூச்சியை நசுக்கிக் காட்டினேன். மோதினார் கைக்குட்டையை வாங்கிப் பார்த்தார்.

"சார், இது துவைச்சா போவுமா?"

"போகாது. இதோட அண்ணன் பூச்சிலதான் ராசாக்கள் உடுப்புக்குச் சாயம் எடுத்தாங்க."

"அப்ப ஜிப்பா?"

ரஹீம் பாய் கடையிலிருந்து புது ஜிப்பா வந்தது. கலவரம் அடங்கியது.

வைகாசி போய் ஆனி வந்தது. பதினைந்து நாளைக்கு ஒரு முறை போய்ப் பார்த்துக் குறிப்பெழுதினேன். ஆனி இரண்டாம் வெள்ளிக் குறிப்பை அப்படியே தருகிறேன்: 'மேற்குச் சுவரோரம் பூச்சிகள் மிக நன்கு வளர்ந்துள்ளன. பெரியவை. சுறுசுறுப்பாக நகர்கின்றன. மகிழ்ச்சி.' அடுத்த முறையும் அதையே எழுதினேன். 'மகிழ்ச்சி'க்கு அடியில் கோடு வேறு.

இந்த வேலையில் ஒரு மாதம் இருந்தவருக்கும் இப்போது உறுத்த வேண்டும். கள்ளிப்பூச்சி உட்கார்ந்த இடத்தை விட்டு நகராது. குஞ்சாக இருக்கும்போது கொஞ்சம் ஊரும். வளர்ந்தபின் ஆணி அடித்தாற்போல் இருக்கும். இதை வராந்தாவில் அரைமணி நேரம் விளக்கியவன் நான். அதே நான் 'நகர்கின்றன' என்று என் கையால் எழுதி, பக்கத்தில் மகிழ்ச்சி என்றும் எழுதினேன். கண் பார்த்ததைத்தான் கை எழுதியது. நடுவில் ஆசை வந்து அர்த்தம் சொன்னது. அந்தக் குறிப்பை நம்பி ரஹீம் பாய், "சார் எழுதியே வச்சிருக்காரு, நல்லா வளருதாம்" என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

ஆடி கடைசி வெள்ளி வந்தது. ஜும்மா தொழுகை முடிந்ததும் கூட்டம். நான் காலை ஒன்பதரைக்கே மையவாடிக்குப் போய்விட்டேன். மேற்குச் சுவரோரம் பஞ்சு குறைந்திருந்தது. வெறும் மடல், பச்சையாக, ஆரோக்கியமாக. கைக்கண்ணாடியை வைத்துப் பார்த்தேன். ஒரு பெரிய வெள்ளைப் புழு, உடம்பெல்லாம் மெழுகு நூல் தொங்க, ஒரு கள்ளிப்பூச்சியின் பஞ்சுக்குள் தலையை விட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்தது. அதற்கு இரண்டு விரற்கடை தள்ளி ஒரு வண்டு. கறுத்த முதுகு, ஆரஞ்சுத் தலை.

அந்த வண்டை எனக்கு நன்றாகத் தெரியும். பழமரங்களில் வெள்ளையாக அப்பும் மாவுப்பூச்சியைத் தின்பதற்காக நாமே வளர்த்து, டப்பாவில் போட்டு, ஊர் ஊராகக் கொடுக்கும் பொறிவண்டு. அதன் புழு பார்க்க மாவுப்பூச்சி போலவே வெள்ளையாக இருக்கும். பயிற்சியில் நான் தவறாமல் கேட்கும் கேள்வி அது: "இதில் எது திருடன், எது போலீஸ்?" என் சொந்தக் கேள்வியில் நான் தேறவில்லை.

அந்த நேரம் சுவருக்கு மேலே ஒரு தலை தெரிந்தது.

"சார்! நம்ம வண்டு நல்லா வேலை செய்யுதா?"

மலர்க்கொடி. அவர் அப்பா காலத்தில் குடும்பமே கூலிக்கு நடவு நட்ட அதே நிலத்தில் இன்று சொந்தமாக நெல்லும், சுவரை ஒட்டி அரை ஏக்கர் பப்பாளியும் கொய்யாவும் வைத்திருப்பவர். என் பயிற்சிகளில் முன்வரிசை. நோட்டுப் போட்டு எழுதுவார். நான் சொன்னதை மறுவருடம் எனக்கே திருப்பிச் சொல்வார்.

"எந்த வண்டும்மா?"

"என்ன சார், தெரியாத மாதிரி கேக்குறீங்க! கள்ளி பூரா மாவுப்பூச்சி அப்பியிருந்துச்சு. எம் பப்பாளிக்கு ஏறிட்டா என்ன பண்றது? 'மருந்தைத் தொடாதீங்க, பொறிவண்டு வுடுங்க'ன்னு நீங்கதானே சொன்னீங்க. உங்க ஆபீஸ்லதான் வாங்கியாந்தேன், மூணு டப்பா. சுவர்லேர்ந்து கையெட்டி வுட்டேன்."

"பாய்மார்கிட்ட ஒரு வார்த்தை கேட்டீங்களா?"

"நல்ல காரியத்துக்கு என்னத்த சார் கேக்குறது?"

பிறகு உள்ளதைச் சொன்னேன். அது மாவுப்பூச்சி இல்லை, வேண்டுமென்றே விட்ட பூச்சி, கள்ளியைக் கொல்லத்தான் விட்டோம் என்றேன். அவர் முகம் மாறியது.

"அய்யய்யோ! அப்ப நான்தான் கெடுத்துட்டேனா?"

"நீங்க ஒரு தப்பும் பண்ணலை. நான் சொல்லிக் குடுத்த பாடத்தை அப்படியே செஞ்சிருக்கீங்க."

கொஞ்சம் யோசித்தார். "அப்ப பாடத்துல பாதியை வுட்டுட்டீங்க சார்."

மறுவாரம் நம் வழங்கல் பதிவேட்டைத் திறந்து பார்த்தேன். 'பயிர்: பப்பாளி. பூச்சி: மாவுப்பூச்சி. பொறிவண்டு: மூன்று டப்பா.' கீழே என் கையெழுத்து, அழகாக. நெல்லுக்கு நடுவிலேயே வேலை பார்த்தவர்கள் நாம். பொறிவண்டு நண்பன் என்று இத்தனை வருடம் சொல்லி வந்தோம். யாருக்கு நண்பன் என்று சேர்த்துச் சொல்லவில்லை. வராந்தாவில் 'எல்லோருக்கும்' சொன்ன அன்று, சுவருக்கு அந்தப் பக்கம் ஒருவர் பப்பாளிக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்ததை நினைக்கவுமில்லை. பூச்சிக்குச் சுவர் கிடையாது. நம் பேச்சுக்கு மட்டும்தான் சுவர்.

அந்த வெள்ளிக்கிழமைக்கு வருகிறேன். ஜும்மாவுக்கு இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது. என் முன்னே மூன்று வழிகள். பொறிவண்டைக் கொல்ல மருந்தடிக்கலாம். கள்ளிப்பூச்சியும் சேர்ந்து சாகும். இரண்டாவது வழி சுலபம். ஜமாஅத்தாரை அழைத்து வந்து, அதோ பாருங்கள், எத்தனை பெரிய வெள்ளைப் பூச்சி, எப்படி ஓடுகிறது என்று காட்டலாம். நானே ஒரு மாதம் நம்பினேன். அவர்கள் நம்ப மாட்டார்களா? கெடு தாண்டிவிடும், பிறகு பார்த்துக்கொள்ளலாம். இந்த யோசனை எனக்கு வரவில்லை என்று சொன்னால் பொய். ஒரு டீ குடிக்கும் நேரம் அதோடு உட்கார்ந்திருந்தேன். ஆனால் அடுத்த தடவை நான் வந்து எதைச் சொன்னாலும், எது நகர்கிறது, எது நகரவில்லை என்று எனக்கே சந்தேகமாகிவிடும் என்று பட்டது. மூன்றாவது வழியாக, எழுந்து ரஹீம் பாய் கடைக்குப் போய் உள்ளதைச் சொன்னேன்.

அவர் துணி கிழித்துக்கொண்டிருந்தார். கை நின்றது.

"சார், உங்க எழுத்தை நம்பி ஜமாஅத்துல வாக்கு குடுத்து வச்சிருக்கேன்."

"தெரியும் பாய்."

"அப்ப நீங்களே சொல்லிருங்க. நான் சொன்னா, 'பூச்சிக்கு வக்கீல் வந்துட்டாரு'ன்னு சிரிப்பானுங்க."

கூட்டத்தில் எழுந்து நின்றேன். நாட்குறிப்பைத் திறந்து, கோடு போட்ட மகிழ்ச்சி உட்பட அந்தக் குறிப்பை வாசித்தேன். பிறகு அது ஏன் தப்பு என்று சொன்னேன். செயலாளர் தாடியைத் தடவிக்கொண்டு கேட்டார்.

"கள்ளியைத் திங்க ஒரு பூச்சி கொண்டாந்தீங்க. அதைத் திங்க ஒண்ணு வந்துருச்சு. இனி அதைத் திங்க ஒண்ணு கொண்டாருவீங்க. கடைசில எங்களைத் திங்க எது சார் வரும்?"

வராந்தாவே குலுங்கியது. நானும் சிரித்துவிட்டேன். சிரிப்பு அடங்கியதும் அவர், "நாளைக்கு ஜேசிபி" என்றார்.

ரஹீம் பாய் எழுந்தார். "வரட்டும். ஆனா டிரைவர் முதல்ல எங்க பக்கெட்டை வைக்கணும்னு யாராவது வந்து காட்டிருங்க. எங்க அத்தா மேல இல்ல, உங்க தாத்தா மேல இல்ல, இந்த இடம் வெறும் மணல்னு ஒரே ஒரு இடம் காட்டுங்க. நான் ஒதுங்கிக்கிறேன்."

செயலாளரின் தாத்தாவும் அந்தப் பாதியில்தான் இருந்தார்.

அப்போது மோதினார், கூட்டத்தில் வழக்கமாக வாயே திறக்காதவர், தொண்டையைக் கனைத்தார். "வடக்கு மூலையில வண்டு வரலைங்க. நேத்து குடைக்கம்பால குத்துனேன். மடல் கழண்டு வுழுந்துருச்சு. உள்ள ஒண்ணுமில்ல, சக்கை."

எல்லோரும் எழுந்து போய்ப் பார்த்தோம். செயலாளரே ஒரு கம்பை எடுத்துக் குத்தினார். மடல் ஈரச் செருப்பு மாதிரி தொப்பென்று விழுந்தது. இன்னொன்றைக் குத்தினார். அதுவும் விழுந்தது. மூன்றாவதைக் குத்தும்போது அவர் முகத்தில் ஒரு சந்தோஷம் இருந்தது.

"பங்குனி வரைக்கும்" என்றார். "அதுக்கு மேல ஒரு நாள் கிடையாது."

மறுநாளிலிருந்து வண்டு பிடித்தோம். சுவருக்கு இந்தப் பக்கம் ஜமாஅத்தார், நீளக் குச்சியில் தூரிகை கட்டிக்கொண்டு. அந்தப் பக்கம் மலர்க்கொடி, டப்பாவோடு. விதி ஒன்றே: தொட்டு நகர்ந்தால் மலர்க்கொடிக்கு, நகராவிட்டால் கள்ளிக்கு. "உங்க ஆளு ஒண்ணு இந்தா" என்று டப்பா சுவரைத் தாண்டும். "என் ஆளு என்ன பண்ணுச்சு பாவம், நல்லா சாப்பிட்டுருக்கு" என்று பதில் வரும். அவை போய்ச் சேர்ந்த கொய்யாவில் அந்த வருடம் மாவுப்பூச்சி தலையெடுக்கவில்லை. வடக்கு மூலையிலிருந்து நல்ல பூச்சி பிடித்த மடல்களை எடுத்து மேற்கே செருகி, ரஹீம் பாய் கடையின் நெருக்கமான வலைத்துணியால் மூடிக் கட்டினோம். குஞ்சு வெளியே வரலாம், வண்டு உள்ளே போக முடியாது. எல்லா வண்டையும் பிடித்துவிட முடியாது. பிடிக்க வேண்டியதும் இல்லை. தின்பவன் வேகத்தைவிடப் பெருகுபவன் வேகம் கூடினால் போதும்.

ஐப்பசி மழை பாதியை அடித்துக்கொண்டு போனது. தையில் மீதிப் பாதி இரட்டிப்பாகப் பெருகியது. மாசியில் மேற்குப் பக்கம் மஞ்சளித்து, பழுத்து, ஒன்றன்மேல் ஒன்றாகச் சாய்ந்தது. பங்குனி இரண்டாம் வெள்ளி காலை ஏழரை மணிக்கு, காய்ந்த கள்ளியைக் கவைக்கம்பால் இழுத்துப் போட ஊரே வந்தது. செயலாளர் கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு முதல் ஆளாக இழுத்தார். தலைமாட்டில் நட்ட மீசான் கற்கள் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. ஒவ்வொரு கல்லுக்கும் யாராவது ஒருவர் வேலையை நிறுத்திவிட்டுக் குனிந்து பெயர் படித்தார்.

வேப்பமரத்துக்கு நேராக, சுவரிலிருந்து எண்ணி நாலாவது கபர். ரஹீம் பாய் மண்ணைத் துடைத்துக் கல்லைப் படித்தார். திரும்பப் படித்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"சார், இது எங்க அத்தா இல்ல."

"யாரு பாய்?"

"எதிர்க்கடை மரைக்காரு. பெயர்ப்பலகை வெளிச்சத்தை மறைக்குதுன்னு எங்க அத்தாவோட சண்டை. சாகுற வரைக்கும் ரெண்டு பேரும் மூஞ்சி குடுத்துப் பேசலை." கல்லைத் திரும்பிப் பார்த்தார். "இத்தனை வெள்ளிக்கிழமையும் இவருக்கா ஓதிக்கிட்டு இருந்தேன்?"

மோதினார் ஆறுதலாகச் சொன்னார்: "போனது போனதுதான் பாய். திருப்பிக் கேக்க முடியாது."

சுற்றி நின்றவர்கள் சிரிப்பை அடக்கப் பார்த்து முடியாமல் விட்டார்கள். ரஹீம் பாயும்தான். சுவர்ப் பக்கமிருந்து எண்ணாமல் வாசல் பக்கமிருந்து எண்ணினால் அவர் அத்தா நாலாவது. மச்சான் எந்தப் பக்கமிருந்து எண்ணினார் என்று போனில் யாரும் கேட்கவில்லை. கல் அங்கேதான் இருந்தது, பத்தடி தள்ளி. பாய் அதன் பக்கத்தில் மணலில் உட்கார்ந்தார். நாங்கள் எல்லோரும் விலகி வந்தோம். எவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்தார் என்று நான் குறித்துக்கொள்ளவில்லை. நாட்குறிப்பில் அன்று அந்த இடம் காலியாகவே இருக்கிறது.

எழுந்து வாசலை நோக்கி வந்தவர் பாதி வழியில் நின்றார். மரைக்காயர் கல்லின்மேல் ஒரு காய்ந்த மடல் கிடந்தது. அதை எடுத்து எறிந்தார். கைகளை ஏந்திக் கொஞ்ச நேரம் அங்கேயும் ஓதினார். பிறகு என்னிடம் வந்து, கொஞ்சம் வெட்கத்தோடு சொன்னார்.

"வுட்டுட்டு வர முடியலை சார். பழக்கமாயிருச்சு."